தகட்டில் விழுந்த உச்சு

போன மாதம் கடலூர் பதிவகத்தில் கண்ணாடி அறையைத் திறந்தார்கள். ஓய்வு பெற்றவர்களையும் கூப்பிட்டு ஆளுக்கொரு லட்டும் காராபூந்தியும் கொடுத்தார்கள். இனிமேல் வாக்குமூலம் கொடுப்பவர் மட்டும்தான் சொல்விளக்கின் முன்னால் இருப்பார். பதிவாளர் தடித்த கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து திருகைத் திருப்பினால் போதும். இருமலாம், தும்மலாம், வேண்டுமானால் டீயை உறிஞ்சிக் குடிக்கலாம். ஒரு சத்தமும் உள்ளே போகாது.

புதிதாக வேலைக்குச் சேர்ந்திருக்கும் பெண்கள் இரண்டு பேர் என்னை ஓரமாகத் தள்ளிக்கொண்டு போனார்கள்.

"ஆன்ட்டி, நீங்கள்லாம் வாயில புளியங்கொட்டைய அடக்கிக்கிட்டுதான் வேல பாப்பீங்களாமே, நெஜமாவா?"

"நெஜந்தான். முப்பத்தோரு வருஷம்."

"அய்யய்ய! அவ்ளோ கஷ்டப்பட்டு பழகிட்டு, இப்ப இந்தக் கண்ணாடி வந்தது ஒங்களுக்கு ஒரு மாதிரியா இல்ல?"

எனக்குக் கோபமே வந்துவிட்டது. இந்தக் கண்ணாடி வேண்டும் என்று மேலிடத்துக்கு மனுப் போட்டவளே நான்தான். ஒன்றல்ல, பதினோரு மனு. ஒவ்வொன்றையும் விதிப்படி என் வாயால் விளக்கில் பேசித் தகடாக்கி அனுப்பினேன். பத்துத் தகடு எங்கே போனதென்று தெரியாது. பதினோராவதுக்குப் பதில் வந்தபோது நான் பென்ஷன் வாங்க ஆரம்பித்திருந்தேன். ஏன் அப்படி ஒற்றைக்காலில் நின்றேன் என்று அந்தப் பெண்கள் கேட்டார்கள். லட்டு தின்கிற நேரத்தில் சொல்லி முடிக்கிற விஷயமில்லை. அதனால் எழுதுகிறேன். எழுத்து கோர்ட்டில்தான் செல்லாது, படிக்கச் செல்லும்.

துறைக்கு வெளியே இருப்பவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். பேசினால் எரிகிற சின்னச் சொல்விளக்கு எல்லோர் வீட்டிலும் இருக்கிறது. அம்மா என்று கூப்பிட்டால் கூடத்தில் வெளிச்சம் வரும் என்று கைக்குழந்தைக்குக்கூடத் தெரியும். பதிவகத்து விளக்கு அதற்குப் பெரியம்மா. பித்தளைக் கிண்ணத்தில் வாயை வைத்துப் பேசினால் அதன் அடியில் இழுத்துக் கட்டியிருக்கிற மீன் ஜவ்வு அதிரும். ஜவ்வின் நடுவில் எள்ளளவு கண்ணாடி ஒன்று ஒட்டியிருக்கும். அதன்மேல் படுகிற சுடர், பேச்சுக்குத் தக்கபடி ஆடி, சுழன்றுகொண்டிருக்கும் உப்புத் தகட்டில் கோடாக விழும். அந்தக் கோடு அழியாது. மீட்புப் பெட்டியில் போட்டுச் சுழற்றினால் பேசியவர் குரலே திரும்ப வரும்.

ஆளுக்கு ஒரு நிறம். என் குரல் வெளிர் பச்சை. என் வீட்டுக்காரருக்கு மஞ்சள். நாலு வார்த்தை பேசினால்தான் நிறம் படியும். இருமல், தும்மல், ஏப்பம் போன்றவை நிறமில்லாமல் வெள்ளை முள்ளாகக் குத்திட்டு நிற்கும்.

எழுத்தை யார் வேண்டுமானாலும் எழுதலாம், கைநாட்டைச் செத்தவன் விரலிலும் எடுக்கலாம். குரலுக்கு மட்டும்தான் உயிருள்ள ஆள் வேண்டும். அதனால்தான் ஒளியில் விழாத பேச்சை நம் கோர்ட்டுகள் பேச்சாகவே எடுப்பதில்லை. இன்னொரு விதியும் உண்டு. ஒரு தகட்டில் ஒரு வாய்தான். ஒருவர் பேசும்போது இன்னொருவர் சத்தம் குறுக்கே விழுந்தால் அது கலப்புத் தகடு. உடைத்துவிட வேண்டும். பேசியவரால் மறுபடி பேச முடியாது என்றால் மட்டும் உடைப்பதா வேண்டாமா என்று கோர்ட்டு முடிவு செய்யும். பக்கத்தில் நின்று யாரும் சொல்லிக்கொடுத்துவிடக் கூடாது என்பதற்காக வைத்த விதி. நல்ல விதி. இப்போதும் அப்படித்தான் சொல்வேன்.

ஆனால் விளக்கை இயக்க ஒரு ஆள் அறையில் இருந்தாக வேண்டுமே. அந்த ஆளின் வாய்க்குத்தான் புளியங்கொட்டை. நாக்குக்கு அடியில் பாதி, பற்களுக்கு நடுவில் பாதி. அது இருக்கும்வரை நாக்கு தானாக ஒரு சத்தமும் போட முடியாது.

வடலூருக்குப் பக்கத்தில் முந்திரி போட்ட குடும்பம் எங்களுடையது. ஜோதி தரிசனத்துக்குப் பேர்போன அந்தப் பக்கத்தில் பிறந்தவளுக்கு விளக்கின் முன்னால் வாயை மூடிக்கொண்டு உட்காருவது புதிதில்லை என்று நினைத்துக்கொண்டுதான் பயிற்சிக்கு வந்தேன். வந்த பிறகுதான் தெரிந்தது, எங்கள் குடும்பத்துப் பெண்களுக்கு ஒரு வியாதி இருக்கிறதென்று. ஆடு நொண்டினாலும் உச்சுக் கொட்டுவோம், ஆட்சி கவிழ்ந்தாலும் உச்சுக் கொட்டுவோம். ஆறு மாதப் பயிற்சியின் முடிவில் ஒரு பரீட்சை. கொட்டை இல்லாமல் விளக்கின் முன்னால் உட்கார வைத்து, முதலில் சிரிப்புக் கதை சொல்வார்கள், அப்புறம் சோகக் கதை. சிரிப்புக் கதைக்கு நான் கல். சோகக் கதைக்கு இரண்டு தடவை தோற்றேன். மூன்றாவது தடவை தொடையைக் கிள்ளிக்கொண்டு பாஸ் செய்தேன். நகத்தடம் ஒரு வாரம் இருந்தது.

முதல் வேலை தேவனாம்பட்டினம் கரைவிளக்கில். காலையில் பெண்கள் வரிசையாக வந்து கடலில் இருக்கும் போட்டுக்குப் பேசுவார்கள். பேச்சு வெளிச்சமாகிக் கடலுக்குமேல் போகும், போட்டில் இருக்கிற பெட்டி அதை வாங்கிக்கொள்ளும். ஒருநாள் ஒருத்தி வந்து கிண்ணத்தில் வாயை வைத்தாள், ஒரு வார்த்தை பேசவில்லை. சுடர் ஆடாமல் நேராக நிற்கிறது. அவளுடைய நேரம் முடியும்வரை அப்படியே நின்றுவிட்டுப் போய்விட்டாள். சாயங்காலம் அவள் புருஷன் கரை ஏறினதும் ஓடிவந்து என்னைக் கேட்டான், "ரொம்பக் கோவமா இருந்தாளா மேடம்?" என்று. ஆடாத வெளிச்சத்தைப் பார்த்தே அவனுக்குப் புரிந்துவிட்டது. அங்கே இரண்டு வருடம். அதன் பிறகு கடலூர் பதிவகம், ஹபீப் சார்.

ஹபீப் சார் பரங்கிப்பேட்டைக்காரர். எங்கள் தலைமைப் பதிவாளர். விளக்கறைக்குள் நுழையும் முன் செருப்பைக் கழற்றுவார், வாட்சைக் கழற்றுவார், சாவிக்கொத்தைக் கைக்குட்டையில் சுற்றி வெளியே வைப்பார். உள்ளே அவர் பேசி நான் பார்த்ததில்லை. மேசையில் இரண்டு விரல் வைத்தால் நிறுத்து, உள்ளங்கையைத் திருப்பினால் தொடங்கு. தகட்டைப் பெட்டியில் போடாமலே ஜன்னல் பக்கம் சாய்த்துப் பிடித்து, "இவருக்கு சளி இருக்குது", "இந்தம்மா பாதியில அழுதிருக்காங்க" என்று சொல்லிவிடுவார். எதிரிலிருந்து பேருந்து ஹாரன் கேட்டால் எந்த டிப்போ வண்டி என்று சொல்கிற காது.

யாரையும் அவர் திட்டியதில்லை. மெமோ கொடுத்ததும் இல்லை. தப்புச் செய்தவரைக் கூப்பிட்டு நாற்காலியை இழுத்துப் போடுவார். "உக்காருமா. என்ன நடந்துச்சோ அத வெளக்குல சொல்லு." அவ்வளவுதான். சொல்லி முடித்ததும் தகட்டை எடுத்து நம் கையிலேயே கொடுப்பார். நம்முடைய தப்பு நம்முடைய நிறத்தில் நம் கையில் இருக்கும். மெமோவுக்கு நாலு சாக்கு எழுதிவிடலாம். அந்தத் தகட்டுக்கு என்ன சாக்கு சொல்வது? நான் மூன்று தடவை வாங்கியிருக்கிறேன். மூன்றுமே சின்னத் தப்புகள். நாலாவது சின்னதில்லை.

சுனாமி வந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. தேவனாம்பட்டினத்து ஏழுமலை கடலில் போட்டைப் பறிகொடுத்தவர். அதன்பிறகு செம்மங்குப்பத்தில் ஒரு ரசாயனக் கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்திருந்தார். ஒருநாள் பகல் ஷிப்டில் குழாய் வெடித்தது. உள்ளே இருந்த இரண்டு பேர் செத்துப்போனார்கள். ஏழுமலை உயிரோடு வந்தார், ஆனால் ஆவியை விழுங்கி அவருடைய தொண்டை வெந்துபோயிருந்தது. ஏழுமலைதான் தப்பான வால்வைத் திறந்துவிட்டார் என்று கம்பெனி சொன்னது. இரண்டு சாவுக்கும் அவர்மேல் வழக்கு.

சிதம்பரம் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார். மறுநாள் காலை ஏழு மணிக்கு ஆபரேஷன், குரல்வளையை எடுத்துவிடப் போகிறார்கள், அப்புறம் ஆயுசுக்கும் பேச்சு வராது என்று அங்கிருந்து பதிவகத்துக்குச் செய்தி வந்தது. சிதம்பரம் பதிவாளர் பிரசவ விடுப்பில் இருந்தார். ஹபீப் சார் என்னைக் கூப்பிட்டார்.

"ஒரே தகடுதாம்மா. ரெண்டாவது தடவ பேசச் சொல்லாத, அந்தாளு தாங்க மாட்டாரு. நல்ல ஜவ்வா பாத்து எடுத்துக்கோ."

ஜீப்பில் மடியில் பெட்டியை வைத்துக்கொண்டு போனேன். உள்ளங்கைச் சூட்டில் ஜவ்வைப் பதப்படுத்திக்கொண்டே போகவேண்டும், இல்லாவிட்டால் மெல்லிய குரல் விழாது. ஆஸ்பத்திரியில் மத்தியானம் மூன்று மணிக்கு ஒரு அறையை ஒழித்துக் கொடுத்தார்கள். ஜன்னலுக்கெல்லாம் கம்பளியை மாட்டினேன். மின்விசிறியை நிறுத்தினேன். கதவிடுக்கில் ஈரத்துணியைத் திணித்தேன். அடுப்படி மாதிரி வெந்தது.

விதிப்படி நானும் அவரும் மட்டும்தான் அறையில் இருக்கவேண்டும். ஆனால் இரண்டு வாக்கியத்துக்கு ஒரு தடவை ஸ்பூனில் தண்ணீர் ஊற்றினால்தான் அவரால் பேச முடியும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அதனால் அவர் மனைவி அஞ்சலையை நிற்க வைத்துக்கொண்டேன். அதற்கு அனுமதி உண்டு, தகட்டோடு ஒரு குறிப்பும் போகும். அந்தப் பெண் ஸ்பூனை முந்தானையில் துடைத்துக்கொண்டே கேட்டாள்.

"நான் மூச்சு வுட்டாகூட கெட்டுப்பூடுமா மேடம்?"

அவளுக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. அடக்கியிருந்த கொட்டையை எடுத்துக் கைக்குட்டையில் வைத்தேன். "மூச்சு வுடலாம்மா, ஒண்ணும் ஆவாது. ஒதட்ட மட்டும் சேத்து வச்சிக்கோ. ஸ்பூனு பல்லுல படாம ஊத்து. பயப்படாத, நான் இருக்கேன்" என்றேன். அவள் தோளைத் தட்டிக்கொடுத்தேன். அதற்குள் ஏழுமலை கையை ஆட்டினார். வலி மருந்து வேலை செய்கிற நேரம் குறைவு, இப்போதே பேசவேண்டும் என்று அதற்கு அர்த்தம். நான் ஓடிப்போய்க் கிண்ணத்தை அவர் வாய்க்கு நாலு விரல் தள்ளி வைத்துச் சுடரைத் திறந்தேன்.

கொட்டை கைக்குட்டையிலேயே இருந்தது.

தன் பெயர், அப்பா பெயர், ஊர் எல்லாம் சொன்னார். குரல் மரத்தில் ரம்பம் இழுக்கிற மாதிரி வந்தது, ஆனால் செங்கல் நிறத்தில் கோடு நன்றாகவே விழுந்தது. பிறகு நடந்ததைச் சொன்னார். அவர் சொன்னது எனக்கு இன்றைக்கும் வரி மாறாமல் தெரியும்.

"கொழாயில கசிவு இருக்குதுன்னு காலைலேர்ந்து மூணு தடவ சொன்னேன். வெடிச்ச ஒடனே வால்வ மூட ஓடுனேன். உள்ள ராமு வுழுந்து கெடந்தான். அவன் கையப் புடிச்சி இழுத்தேன். தோலு என் கையோட வந்துடிச்சி. மறுபடி இழுத்தேன். வரல. நான் வால்வத் தெறக்கல. சாயங்காலம் பாத்துக்கலாம், ஓட்டுன்னு சொன்னது ஷிப்ட் ஆபீசருதான்."

ஆறேழு ஸ்பூன் தண்ணீர். எல்லாம் சேர்த்துப் பதினோரு நிமிடம். சுடரை மூடியதும் அவர் கண்ணை மூடிக்கொண்டார். அஞ்சலை சுவரில் சாய்ந்தபடியே தரையில் உட்கார்ந்தாள். நல்ல வேலை பார்த்துவிட்டோம் என்ற நிம்மதியோடு நான் கடலூருக்குத் திரும்பினேன்.

மறுநாள் காலை ஹபீப் சார் தகட்டை ஜன்னலில் சாய்த்தார். சாய்த்தபடியே நகத்தால் ஒரு இடத்தைக் காட்டினார். செங்கல் நிறக் கோட்டின்மேல், அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே குறுக்கே, ஒரு வெள்ளை முள். ஒரு வாய் ஒரே சமயத்தில் இரண்டு சத்தம் போடாது.

"யாரும்மா இது?"

பெட்டியில் போட்டுக் கேட்டோம். "தோலு என் கையோட வந்துடிச்சி" என்ற இடத்தில் ஒரு உச்சு. யாருடையது என்று எனக்கு உடனே தெரிந்துவிட்டது. கொட்டியபோது தெரியவில்லை, கேட்டபோது தெரிந்தது. என் அம்மா கொட்டுவாள் அப்படி.

"தெரியல சார்" என்றேன்.

இதை எழுதும்போதும் கூசுகிறது. கொட்டை இல்லாமல் விளக்கைத் திறப்பது எங்கள் வேலையில் பெரிய குற்றம். வேலையே போகலாம். பயந்தேன். நாலு நாள் வாயை மூடிக்கொண்டிருந்தேன், கொட்டை இல்லாமலே.

அந்த நாலு நாளில் தகடு கோர்ட்டுக்குப் போய்விட்டது. எதிர்த்தரப்பு வக்கீல் முள்ளைக் கண்டுபிடித்துவிட்டார். சைகை கொடுத்திருக்கிறார்கள், சத்தம் விழுந்த கொஞ்ச நேரத்தில் ஷிப்ட் ஆபீசர் பேர் வருகிறது, அறையில் இருந்தது மனைவி, அவர்தான் சொல்லிக்கொடுத்திருக்கிறார் என்று மனுப் போட்டார். தகட்டை உடைக்க வேண்டும், மனைவிமேலும் வழக்குப் போட வேண்டும் என்றார். ஏழுமலைக்கு ஆபரேஷன் முடிந்திருந்தது. இன்னொரு தகடு எடுக்க அவரிடம் குரல் இல்லை.

ஐந்தாம் நாள் அஞ்சலை பதிவகத்துக்கு வந்தாள். யாரையும் கேட்காமல் நேராக என் மேசைக்கு வந்து கீழுதட்டை இழுத்துக் காட்டினாள். உள்பக்கம் பல் பதிந்து கன்றிப்போயிருந்தது.

"பாருங்க மேடம். அவரு பேசி முடிக்கிற வரைக்கும் கடிச்சிக்கிட்டே நின்னேன். சத்தமே போடல. எம் பசங்க மேல சத்தியம். நீங்கதான் கூட இருந்தீங்க. நீங்க சொன்னா நம்புவாங்க."

அவள் என்னைச் சந்தேகப்படவே இல்லை. அதுதான் தாங்கவில்லை. என் தப்பை அந்தப் பெண் உதட்டில் ரத்தக்கட்டாகச் சுமந்துகொண்டு வந்து, என்னிடமே நியாயம் கேட்கிறாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். "சொல்றேம்மா" என்றேன். என்ன சொல்லப் போகிறேன் என்பதை மட்டும் சொல்லவில்லை.

வீட்டில் என் வீட்டுக்காரர் தலையில் கை வைத்துக்கொண்டார். "வேல பூடும்டீ. ரெண்டு பொண்ணு இருக்குது."

"இருக்குது மாமா. நாளைக்கு அதுங்க ஒரு கோர்ட்டுல போயி பேசுனா, அங்க உக்காந்திருக்கிறவ என்ன மாதிரி இருக்கக் கூடாது" என்றேன். காலையில் அவரே என்னைப் பதிவகத்து வாசல்வரை வண்டியில் கொண்டுவந்து விட்டார்.

ஹபீப் சாரிடம் நின்றுகொண்டே சொன்னேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இப்ப நீ சொன்னது எனக்குக் கேக்கலன்னு வச்சிக்கலாம். வெளிய போயி யோசிச்சிட்டு வா."

"நாலு நாளா யோசிச்சிட்டுதான் சார் வந்திருக்கேன்."

நாற்காலியை இழுத்துப் போட்டார். "உக்காருமா. வெளக்குல சொல்லு."

கொட்டை வாயில் இல்லை, உச்சு என்னுடையது, தெரிந்தே தெரியாது என்று பொய் சொன்னேன். மூன்றையும் சொன்னேன். இந்தத் தடவை தகட்டை என் கையில் கொடுக்கவில்லை. சீல் வைத்துக் கோர்ட்டுக்கு அனுப்பினார்.

கோர்ட்டில் வக்கீல் என்னைப் பார்த்துச் சிரித்தார். "ஒரு ஏழைப் பெண்ணைக் காப்பாற்ற அரசாங்க ஊழியர் பழியை ஏற்கிறார். நல்ல மனசு. ஆனால் ஆதாரம்?" என்றார். கோர்ட்டில் சொல்விளக்கு எப்போதும் எரிந்துகொண்டேயிருக்கும், அங்கே நடப்பதெல்லாம் தகட்டில் விழும், ஒரு வாய் விதி வாக்குமூலத்துக்கும் ஆணைக்கும்தான். அந்த விளக்கின் முன்னாலேயே உச்சுக் கொட்டிக் காட்டுங்கள், இரண்டு முள்ளையும் ஒப்பிடலாம் என்று நீதிபதி சொன்னார்.

கொட்டினேன். ஒப்பிட்டார்கள். சேரவில்லை. மறுபடி கொட்டினேன். பத்துத் தடவை, பன்னிரண்டு தடவை. ஒரு நிறைந்த கோர்ட்டில் ஐம்பது வயதை நெருங்கும் பொம்பளை பல்லி மாதிரி நின்று சத்தம் போட்டால் எப்படியிருக்கும்? பின்வரிசையில் சிரித்தார்கள். ஒவ்வொரு முள்ளும் குட்டையாக, மொட்டையாக விழுந்தது. தகட்டில் இருந்ததோ நீண்டு, நுனி வளைந்து இருந்தது. வாழ்க்கையெல்லாம் வேண்டாத நேரத்தில் தானாக வந்த சத்தம், வேண்டும் என்றபோது வரமாட்டேன் என்றது. முன்பெஞ்சில் ஏழுமலை உட்கார்ந்திருந்தார். கழுத்தில் வெள்ளைத் துணி, அதன் நடுவில் மூச்சு போய்வருகிற ஓட்டை. என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய விடுதலை என் நாக்கு நுனியில் இருந்தது, நாக்கு மக்கர் பண்ணியது.

ஹபீப் சார் எழுந்தார். "ஐயா, சாட்சியின் தகட்டை முதலிலிருந்து ஒரு தடவை சுழற்ற அனுமதிக்க வேண்டும். முள் விழுந்த இடத்தைச் சரிபார்க்க வேண்டும்." அவ்வளவுதான் சொன்னார். நீதிபதி சரி என்றார்.

மீட்புப் பெட்டி சுழன்றது. ஏழுமலையின் குரல் வந்தது, பெயர், அப்பா பெயர், ஊர். முன்பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஏழுமலை தன் குரலைத் தானே கேட்டுத் தலையைக் குனிந்துகொண்டார். அவருடைய பிடரியைப் பார்த்துக்கொண்டே நின்றேன். கொழாயில கசிவு. மூணு தடவ. ராமு வுழுந்து கெடந்தான். கையப் புடிச்சி இழுத்தேன். தோலு என் கையோட...

பெட்டி நின்றது. ஏன் நிறுத்தினார்கள் என்று எனக்குப் புரியவில்லை. எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். ஹபீப் சார் கோர்ட்டுத் தகட்டைக் கழற்றச் சொல்லி வாங்கி, நீதிபதியிடம் நேராகக் கொண்டுபோனார். அதில் பெட்டியிலிருந்து வந்த பழைய உச்சு ஒரு முள். அதற்கு அரை விரல் தள்ளி இன்னொரு முள். அதே உயரம், அதே வளைந்த நுனி. நான் கொட்டியதே எனக்குத் தெரியாது.

நீதிபதி இரண்டையும் வெகுநேரம் பார்த்தார். வக்கீலைக் கூப்பிட்டுப் பார்க்கச் சொன்னார். வக்கீல் பார்த்துவிட்டு உட்கார்ந்துவிட்டார். பதிவாளரின் சத்தம் என்று ஊர்ஜிதமாகிவிட்டதால் யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, தகடு செல்லும் என்று தீர்ப்பானது. அஞ்சலைமேல் இருந்த மனு தள்ளுபடி. ஏழுமலைமேல் இருந்த வழக்கு அடுத்த வாரமே போய், அது ஷிப்ட் ஆபீசர்மேல் திரும்பியது.

தகடு செல்லும் என்று சொன்ன அன்றைக்கே என்மேலும் ஆணை. மூன்று வருடம் நான் விளக்கறைக்குள் நுழையக் கூடாது, சிதம்பரம் கிடங்கில் தகடு எண்ணும் வேலை. வேலை போகவில்லை. நான் எதிர்பார்த்ததைவிடக் குறைவு. கோர்ட்டு எழுத்தர் புதுத் தகடு மாட்டச் சொல்லி ஆணையை வாசிக்க ஆரம்பித்தார். "பதிவாளர் செங்கமலம், தன் கடமையில் தவறி..."

விளக்கு துள்ளியது. எழுத்தர் நிறுத்தினார். தகட்டில் ஒரு வெள்ளை முள். யார் என்று நீதிபதி கேட்டார். முன்பெஞ்சில் ஏழுமலை மெதுவாகக் கையைத் தூக்கினார். குரல்வளை போனாலும் நாக்கு இருக்கிறதே. உச்சுக் கொட்டக் குரல் வேண்டாம், மூச்சும் வேண்டாம். அஞ்சலை வாயைப் பொத்திக்கொண்டு விசும்பினாள். ஆபரேஷனுக்குப் பிறகு அவரிடமிருந்து அவள் கேட்ட முதல் சத்தம் அதுதானாம்.

கலப்புத் தகடு. விதிப்படி செல்லாது. வேறு தகடு மாட்டி எழுத்தர் மறுபடி வாசித்தார். அதே இடத்தில் மறுபடி உச்சு. இந்தத் தடவை அவர் வேண்டுமென்றேதான் செய்தார், ஆனால் முள் என்னவோ என்னுடையதைப்போல மொட்டையாக இல்லை, முதல் தடவை மாதிரியே நீளமாகத்தான் விழுந்தது. நீதிபதி பேனாவைக் கீழே வைத்துவிட்டார். அவருக்குக் கோபமா சிரிப்பா என்று தெரியவில்லை.

நான் திரும்பி ஏழுமலையைப் பார்த்தேன். "போதும் தம்பி. இது என் தப்பு. நான் வாங்கிக்கிறேன், வுடு" என்றேன். அவர் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார். மூன்றாவது தகட்டில் ஆணை சுத்தமாக விழுந்தது.

கெட்டுப்போன இரண்டு தகடுகளையும் அன்றைக்கே உடைத்துவிட வேண்டும். ஹபீப் சார் அவற்றைக் கொண்டுவந்து என்னிடம் கொடுத்தார். "இதுதாம்மா இங்க ஒனக்குக் கடைசி வேல. பின்னாடி போயி ஒடச்சிட்டு வா" என்றார்.

கோர்ட்டுக்குப் பின்னால் வேப்பமரத்தடியில் அஞ்சலையும் ஏழுமலையும் ஆட்டோவுக்காக நின்றிருந்தார்கள். ஒரு தகட்டைக் கல்லில் அடித்து உடைத்தேன். அவருடைய முதல் உச்சு விழுந்த இன்னொன்றை அஞ்சலையின் கட்டைப்பையில், டிபன் பாக்ஸுக்கு அடியில் வைத்தேன். "வூட்டுல வச்சிக்கோ. யாருகிட்டயும் காட்டாத" என்றேன். விதிப்படி அது பெரிய குற்றம், கொட்டை போடாததைவிடப் பெரியது. அதைத் தெரிந்தே செய்தேன். இதுவரை யாரிடமும் சொல்லவில்லை, இப்போதுதான் சொல்கிறேன். விசாரிக்க வேண்டுமென்றால் வரட்டும், வீடு வடலூரில்தான் இருக்கிறது.

உள்ளே போய் விளக்கறைச் சாவியை ஹபீப் சாரிடம் கொடுத்தேன். ஹாரனை வைத்து டிப்போவைச் சொல்கிற காது அவருடையது. அவர் கொடுத்தது இரண்டு தகடு. ஜன்னல் வழியாக அவருக்குக் கேட்டிருக்கக் கூடியது ஒரு சத்தம். சாவியை வாங்கிக் கைக்குட்டையில் சுற்றிக்கொண்டு, "ரெண்டும் ஆச்சாமா?" என்றார்.

"ஆச்சு சார்."

"சரி" என்றார்.